பதிவேட்டு வீடும் யப்பானிய நாவலும்

1968ஆம் ஆண்டு கவபத்தா யசுனாரிக்கு இலக்கியத்துக்கான நோபல் பரிசு வழங்கப்பட்டதைத் தொடர்ந்து, யப்பானிய நாவல் உலக வாசகரின் கவனத்தைப் பெரிதும் ஈர்க்கலாயிற்று. ஆயின் அக்கவனம் பெரும்பாலும் ஒரு திசையிலேயே சென்றது எனலாம். தேநீர்ச் சடங்கு, பனி மூடிய மலைக்கிராமம், கெய்ஷாப் பெண்டிர், செர்ரி மலர் ஆகியனவே யப்பானிய வாழ்வின் சாரம் என்றும், அவற்றைக் காண்பதற்கே அந்நாட்டு நாவலைப் படித்தல் வேண்டும் என்றும் ஓர் எண்ணம் நிலைபெற்றது. மெய்ஜிக் காலந் தொட்டு (1868 - 1912) எழுந்த முக்கிய நாவல்களைக் கால வரிசையில் வைத்து நோக்குமிடத்து, அவற்றுட் பலவற்றை ஒன்றோடொன்று பிணைக்கும் பொருள் வேறொன்றாக இருப்பதைக் காணலாம். யப்பானிய மொழியில் 'இயே' எனப்படும் வீடே அப்பொருளாகும்.

யப்பானிய நாவல் வீட்டுக்குள் முடங்கிக் கிடந்தது என்பது அதன் மீது சுமத்தப்பட்ட பழைய குற்றச்சாட்டு. விமர்சகர் நக்கமுரா மிட்சுவோ 1950இல் வெளியிட்ட நூலொன்றில் இதனை வன்மையாக எடுத்துரைத்தார். 1906இல் வெளிவந்த ஷிமசாகி தோசொனின் 'ஹக்காய்' சமூக நாவலுக்கு வழி திறந்தது. மறு ஆண்டில் வெளிவந்த தயமா கத்தாயின் 'ஃபுத்தோன்' ஆசிரியனின் அந்தரங்கத்தையே பொருளாகக் கொண்டு அவ்வழியை அடைத்துவிட்டது. அதன் பின்னர் யப்பானிய நாவல் சமூகத்தை விட்டுத் தன் வரலாறு கூறுவதாகச் சுருங்கிற்று என்பது அவர் வாதத்தின் சுருக்கம். இவ்வாதத்தில் உண்மை உண்டு. ஆனால் வீட்டுக்குள் நுழைந்த நாவல் வரலாற்றிலிருந்து விலகிற்று என முடிவு செய்வதற்கு முன்னர், அக்கால யப்பானில் வீடு என்பது யாதாக இருந்தது என்பதை ஆராய்தல் அவசியமாகும்.

'இயே' என்னும் வீடு

எடோக் காலத்திலே (1603 - 1868) சாமுராய்க்குரிய நெல் மானியம் அவனது வீட்டுக்கே உரியதாக இருந்தது; தந்தைக்குப் பின் மைந்தன் அதனைப் பெற்றான். வணிகரிடையே கடையும் கடைப்பெயரும் வீட்டுக்குரியன. வீடு தொடர்தல் வேண்டும் என்பதே தலையாய கடமை. இரத்த உறவு அதற்கு அடுத்ததே. மைந்தன் இல்லாதவிடத்து, அல்லது இருந்தும் திறமையற்றவனாயின், தகுந்த இளைஞனொருவனை மகளுக்கு மணம் முடித்துத் தத்தெடுத்து, வீட்டின் பெயரை அவனுக்கு அளித்தனர். உரிமை பெறாத இளைய மைந்தர் 'குளிர்சோறு உண்போர்' என இகழப்பட்டனர்.

மெய்ஜி அரசு நிலமானிய அமைப்பின் பல கூறுகளைக் கலைத்தது. 1871இல் சிற்றரசுகள் ஒழிக்கப்பட்டன. 1872இல் கல்வி ஆணையும் 1873இல் கட்டாய இராணுவ சேவையும் வந்தன. ஆயின் வீட்டை அது கலைக்கவில்லை. மாறாக அரச யந்திரத்தின் அடி அலகாக்கிக்கொண்டது. 1871ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மறு ஆண்டில் நாடெங்கும் வீட்டுப் பதிவேடு உருவாயிற்று. ஒவ்வொருவரும் ஒரு வீட்டின் உறுப்பினராக, வீட்டுத் தலைவரின் பெயருக்குக் கீழே எழுதப்பட்டனர்.

பிரான்சியச் சட்ட மரபைத் தழுவிய குடியியற் சட்டக்கோவை ஒன்று 1890இல் வெளியிடப்பட்டபோது கடும் எதிர்ப்பு எழுந்தது. அது நடைமுறைக்கு வருமாயின் அரச விசுவாசமும் பெற்றோர் பக்தியும் அழிந்துபோகும் எனச் சட்ட அறிஞர் ஹொசுமி யட்சுக்கா 1891இல் எச்சரித்தார். 1892இல் அச்சட்டம் ஒத்திவைக்கப்பட்டது. 1898இல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டக்கோவை வீட்டுத் தலைவரின் அதிகாரத்தைத் திட்டவட்டமாக வரையறுத்தது. வீட்டு உறுப்பினர் எங்கே வசிப்பது, யாரை மணப்பது என்பவற்றுக்கு அவரது சம்மதம் வேண்டும். ஆண் முப்பது வயதுக்கும் பெண் இருபத்தைந்து வயதுக்கும் உட்பட்டிருப்பின் பெற்றோர் சம்மதமும் வேண்டும். தலைமையும் அதனோடு சேர்ந்த சொத்தும் ஒருவருக்கே, பெரும்பாலும் மூத்த மைந்தனுக்கே, சென்றன. மனைவி தன் சொத்துத் தொடர்பான முக்கிய கருமங்களைக் கணவனின் அனுமதியின்றிச் செய்ய இயலாது. பேரரசர் நாட்டின் தந்தை, வீட்டுத் தலைவர் வீட்டின் அரசர் என்னும் கருத்து பாடசாலைகள் வாயிலாகப் பரப்பப்பட்டது. இவ்வாறாக, ஒரு காலத்தில் சாமுராய் வகுப்பினரின் வழக்காறாக இருந்தது முழு நாட்டினதும் சட்டமாயிற்று. அரசின் கை தனிமனிதனைத் தொட்ட முதலிடம் அவனது வீடே என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.

மொழியும் தனிமனிதனும்

1885-86 காலப்பகுதியில் வெளிவந்த 'ஷோசெட்சு ஷின்சுய்' (நாவலின் சாரம்) என்னும் நூலில் சுபொஉச்சி ஷோயோ, நன்மைக்குப் பரிசும் தீமைக்குத் தண்டனையும் அளிக்கும் பழைய கதை மரபை மறுத்து, மனித உணர்ச்சியே நாவலின் முதற்பொருள் என வாதிட்டார். அவரது ஊக்கத்தினால் எழுத வந்தவர் ஃபுத்தபத்தெய் ஷிமெய். ருஷ்ய மொழி கற்றுத் துர்கனேவை மொழிபெயர்த்த இவர், 1887க்கும் 1889க்கும் இடையே 'உகிகுமோ' (மிதக்கும் முகில்) என்னும் நாவலை எழுதினார். எழுத்து மொழிக்கும் பேச்சு மொழிக்கும் இடையே நிலவிய பெரும் பிளவைக் குறைத்து, பேச்சு வழக்கின் அடியாக உரைநடை அமைத்த முன்னோடிப் படைப்பு அது.

அதன் நாயகன் புன்சோ ஏழைச் சாமுராய்க் குடும்பத்து மைந்தன். டோக்கியோவில் சித்தியின் வீட்டில் தங்கி அரசாங்க எழுதுவினைஞனாகப் பணிபுரிகிறான். வேலை போனதும் அதே வீட்டில் அவனது மதிப்பு வீழ்கிறது. அவனுக்கு மகளை மணம் முடிக்க எண்ணியிருந்த சித்தி, மேலதிகாரிகளிடம் நயந்து நடந்து முன்னேறும் நொபொருவின் பக்கம் சாய்கிறாள். புன்சோ மாடியறையில் ஏங்கித் தவிப்பதோடு நாவல் நின்றுவிடுகிறது. வேலை இழந்த ஓர் இளைஞனின் மனத்தை நுணுகிக் காட்டும் மொழியை ஃபுத்தபத்தெய் படைத்தார். ஆனால் அம்மனம் சென்று வாழ்வதற்கு ஓரிடத்தை அவர் காணவில்லை. இருபதாண்டுகளின் பின்னர், 1909இல், ருஷ்யாவிலிருந்து நோயுற்றுத் திரும்பும் வழியில் வங்காள விரிகுடாவில் கப்பலிலேயே அவர் காலமானார்.

திரும்பிச் சென்ற பெண்

புன்சோவுக்கு மாடியறையாவது இருந்தது. பெண்ணின் நிலை யாது என்பதை ஹிகுச்சி இச்சியோ (1872 - 1896) எழுதினார். தந்தையின் மறைவுக்குப் பின் தாயையும் தங்கையையும் காக்கும் பொறுப்பைத் தலையிற் சுமந்தவர் இவர். யொஷிவரா என்னும் பரத்தையர் பகுதிக்கு அருகே சிறு கடை நடத்தி நலிந்தவர். இருபத்துநான்காம் வயதிற் காசநோயால் இறந்தவர். 1895இல் வெளிவந்த அவரது 'ஜூசன்யா' (பதின்மூன்றாம் இரவு) நீண்ட சிறுகதையே எனினும், நாவல் வரலாற்றில் அதனைத் தவிர்க்க இயலாது.

உயர் உத்தியோகத்தனுக்கு வாழ்க்கைப்பட்ட ஒசெக்கி, கணவனின் கொடுஞ் சொற்களைத் தாங்காது ஓரிரவு தாய்வீட்டுக்கு வருகிறாள். மணவிலக்குப் பெற்றுத் தருமாறு பெற்றோரை வேண்டுகிறாள். தாய் கொதித்தெழுகிறாள். தந்தையோ மெல்ல எடுத்துச் சொல்கிறார். அவளது தம்பியின் உத்தியோகம் மருமகனின் தயவால் வந்தது. விலகினால் குழந்தை கணவன் வீட்டோடு போய்விடும். அழுவதானால் அங்கிருந்தே அழுவது மேல். ஒசெக்கி திரும்பிச் செல்கிறாள். வழியில் அவள் ஏறிய ரிக்ஷாவை இழுப்பவன் இளமையில் அவள் மனத்தில் இருந்தவன். வாழ்வு சீரழிந்து அந்நிலைக்கு வந்தவன். இருவரும் சில வார்த்தைகள் பேசிப் பிரிகின்றனர்.

இக்கதையிலே தந்தை கொடியவரல்லர். மகளை உளமார நேசிப்பவர். அந்த அன்பின் வாயாலேயே வீடு பேசுகிறது. 1898ஆம் ஆண்டுச் சட்டக்கோவைக்கு மூன்றாண்டுகள் முன்னரே, அச்சட்டம் எத்தகைய மனிதர்மீது எவ்வாறு இயங்கும் என்பதை இச்சியோ காட்டிவிட்டார் எனலாம்.

தோசொன்: பதிவேடும் வீடும்

நக்கமுரா போற்றிய 'ஹக்காய்' (கட்டளை மீறல்) நாவலின் நாயகன் உஷிமட்சு, நகானோ மாநிலத்து ஈயாமா ஊரில் ஆசிரியன். தீண்டத்தகாதோராக ஒதுக்கப்பட்ட சமூகத்திற் பிறந்தவன். பிறப்பை எவரிடமும் எக்காரணங் கொண்டும் வெளியிடலாகாது என்பது அவன் தந்தை இட்ட கட்டளை. அச்சமூகத்தின் உரிமைக்காக வெளிப்படையாகக் குரல் கொடுத்த இனொகோ ரென்டரோ கொல்லப்பட்டபின், உஷிமட்சு தன் மாணவர் முன் மண்டியிட்டு உண்மையைக் கூறுகிறான்; பின்னர் அமெரிக்காவின் டெக்சாசுக்குப் புறப்பட முடிவு செய்கிறான்.

ஒதுக்கப்பட்டோர் என்னும் சட்ட நிலை 1871இல் நீக்கப்பட்டது. ஆயினும் 1872ஆம் ஆண்டுப் பதிவேட்டிலே சிலவிடங்களில் 'புதிய குடிமகன்' போன்ற குறிப்புகள் எழுதப்பட்டன. விடுதலை பெற்றவர் யார் என்பதை அக்குறிப்பே காட்டிக்கொடுத்தது. திருமணத்துக்கும் வேலைக்கும் முன்னர் ஒருவரின் பூர்வீகத்தை ஆராய அப்பதிவேடு பயன்பட்டமையால், 1968இல் அதனைப் பார்வையிடுவது தடுக்கப்பட்டது. ஆகவே 'ஹக்காய்' சமூக நாவல் என்பதும், தந்தையின் கட்டளையையும் குடிப்பிறப்பையும் பற்றிய வீட்டு நாவல் என்பதும் ஒன்றுக்கொன்று முரணானவையல்ல.

1910-11இல் வெளிவந்த 'இயே' என்னும் நாவலில் தோசொன் வெளியுலகை ஏறத்தாழ முற்றாக ஒதுக்கினார். கொய்சுமி, ஹஷிமொட்டோ என்னும் இரு பழங்குடும்பங்களின் பன்னிரண்டு ஆண்டுக்காலச் சரிவை, வீட்டினுள்ளே நிகழ்வனவற்றை மட்டுங் கொண்டு சொன்னார். அக்கால எல்லைக்குள் யப்பான் ருஷ்யாவோடு போரிட்டு வென்றது. நாவலிலோ கடன், நோய், தொழில் முறிவு, ஓடிப்போன கணவன், இளைய சகோதரனிடம் பணங் கேட்டு வரும் மூத்த சகோதரர் ஆகியனவே நிறைந்துள்ளன. மூத்தோர் கடன்படுவர்; இளையோன் அடைக்க வேண்டும்; ஏனெனில் வீடு ஒன்று. முதலாளித்துவப் பொருளாதாரம் பழைய குடிகளின் வருவாயை அழித்தபின்பும் அக்குடிகளின் கடப்பாடுகளைச் சட்டம் அழியாது காத்தமையால் விளைந்த நெருக்கடி இது. இதனினும் வரலாற்றுத் தன்மை வாய்ந்த பொருள் யாது?

தோசொனை ஐயமின்றிப் போற்றுதலும் பொருந்தாது. 1918-19இல் அவர் வெளியிட்ட 'ஷின்செய்' (புதுவாழ்வு), தன் அண்ணன் மகளோடு தாம் கொண்ட தகாத உறவை வெளிப்படுத்திய நாவல். எழுத்தாளருக்கு அது பாவமன்னிப்பாகவும் புகழாகவும் அமைந்தது. அப்பெண்ணோ சமூகத்தின் பார்வையிற் குறியிடப்பட்டு வாழ வேண்டியவரானார். வீட்டின் இரகசியத்தை வெளியிடும் சுதந்திரம் வீட்டிலுள்ளார் அனைவருக்கும் சமமாகக் கிடைக்கவில்லை என்பதையும் இவ்விலக்கிய வகையின் வரலாறு உணர்த்துகின்றது.

சோசெக்கியின் வினா

நட்சுமே சோசெக்கி (1867 - 1916) வீட்டினாற் கைமாற்றப்பட்ட குழந்தை. ஷியோபரா என்னும் குடும்பத்துக்குத் தத்துக் கொடுக்கப்பட்டார். மூத்த சகோதரர் இருவர் 1887இல் காசநோயால் இறந்தபின், பெற்ற தந்தை அவரை மீளப் பெற விரும்பினார். வளர்த்த செலவுக்கென 240 யென் பேசி முடிக்கப்பட்டு, 1888இல் அவர் பெயர் நட்சுமே பதிவேட்டுக்குத் திரும்பிற்று. 1915இல் வெளிவந்த 'மிச்சிகுசா' என்னும் நாவலில் இவ்வனுபவம் இடம்பெறுகிறது. வெளிநாட்டிலே கற்றுத் திரும்பிய கென்சோவைத் தேடி, உறவு அறுந்துபோன வளர்ப்புத் தந்தை பணங் கேட்டு வருகிறார். ஈற்றிலே பணங் கொடுத்து எழுத்து வாங்கப்படுகிறது. எல்லாம் முடிந்ததென மனைவி ஆறுதலடைய, உலகில் எதுவும் முடிந்துபோவதில்லை என்கிறான் கென்சோ.

1909ஆம் ஆண்டின் 'சொரெகரா' நாவலில் சோசெக்கி வினாவை மறுபக்கமாகத் திருப்பினார். முப்பது வயதுத் தைசுகே தந்தையின் பணத்திற் கற்றோன் வாழ்வு வாழ்கிறான். பிழைப்புக்காக உழைப்பதை இழிவாகக் கருதுகிறான். நண்பனின் மனைவியைத் தான் நேசிப்பதை உணர்ந்து, தந்தை பேசிய திருமணத்தை மறுத்ததும் வீடு அவனைக் கைவிடுகிறது. கொளுத்தும் வெயிலில் வேலை தேடித் திராம் வண்டியேறும் அவனைக் காட்டி நாவல் முடிகிறது. அவனது சுதந்திரச் சிந்தனைக்கு அடித்தளமாக இருந்தது அவன் வெறுத்த வீட்டின் பணமே.

1914இல் எழுந்த 'கொகொரோ' இன்னும் ஆழமானது. அதில் வரும் 'ஆசான்' சிற்றப்பனிடம் சொத்திழந்தவர். அவரது நண்பன் 'கே' தத்தெடுத்த குடும்பத்தின் விருப்பப்படி மருத்துவம் கற்காததால் இரு வீடுகளாலும் ஒதுக்கப்பட்டவன். வீட்டை இழந்த இருவர் ஒரே பெண்ணை விரும்ப, ஒருவர் மற்றவரை வஞ்சிக்கிறார். வஞ்சிக்கப்பட்டவன் தற்கொலை புரிகிறான். 1912இல் மெய்ஜிப் பேரரசர் இறந்து, தளபதி நொகி தன்னுயிரை மாய்த்துக்கொண்ட செய்தியின் பின் ஆசானும் இறக்கத் துணிகிறார். வீட்டை விட்டு வெளியேறுதல் மட்டும் மனிதனை நல்லவனாக்கிவிடாது. பழைய கட்டுகளைத் துறந்த தனிமனிதன் எந்த அறத்தின்மீது நிற்பான் என்பதே சோசெக்கி எழுப்பிய வினா. அதே ஆண்டு நவம்பரில் கக்குஷூயின் மாணவருக்கு ஆற்றிய உரையிலும், தன் தனித்துவத்தைப் பேணுபவன் பிறர் தனித்துவத்தையும் மதித்தல் கடமை என அவர் வலியுறுத்தினார்.

போரும் நான்கு சகோதரியரும்

போர்க்காலத்தில் 'வீடு' அரசியற் கோஷமாயிற்று. பேரரசரைத் தலைவராகக் கொண்ட ஒரே குடும்பமே நாடு எனப் பிரசாரம் செய்யப்பட்டது. அவ்வேளையில் தனிசாகி ஜுனிச்சிரோ ஓசாக்கா வணிகக் குடும்பமொன்றின் நான்கு சகோதரியரைப் பற்றி 'சசமெயுகி' என்னும் நாவலை எழுதலானார். 1943இல் 'சூவோ கோரொன்' இதழில் இரு பகுதிகள் வெளிவந்தவுடன், போர்க்காலத்துக்கு ஒவ்வாதது என இராணுவத்தினர் அதனை நிறுத்தச் செய்தனர். முழு நாவலும் போருக்குப் பின்னரே, 1946க்கும் 1948க்கும் இடையில் நூலுருப் பெற்றது.

போரைக் கண்டித்து ஒரு சொல்லேனும் அதில் இல்லை. மூன்றாம் சகோதரி யுகிகோவுக்கு மாப்பிள்ளை தேடுவதே கதை. மூத்தவள் கணவன் தத்துப் புகுந்து குடும்பப் பெயர் பெற்றவன். அவனே மூல வீட்டின் தலைவன். கடைசிச் சகோதரி தயெகோ காதலனோடு ஓடிய செய்தியை வெளியிட்ட பத்திரிகை, தவறுதலாக யுகிகோவின் பெயரைப் போட்டுவிடுகிறது. திருத்தம் கோரியதால் விடயம் மேலும் பரவுகிறது. ஒருத்தியின் பெயர் வீட்டின் பெயராகவும், வீட்டின் பெயர் சந்தை மதிப்பாகவும் இயங்கும் நுட்பத்தைத் தனிசாகி சிரித்த முகத்தோடு காட்டுகிறார். வீரத் தாய்மாரையும் தியாக மைந்தரையும் கொண்ட இலட்சிய வீட்டை அரசு வேண்டி நின்றபோது, சம்பந்தம் பேசுவதிலும் மலர் காண்பதிலும் காலங் கழிக்கும் உண்மையான வீட்டை அவர் வரைந்தார். தணிக்கையாளருக்கு அதுவே பொறுக்கவில்லை போலும்.

சட்டம் நீங்கிய பின்

1947 மே மாதம் நடைமுறைக்கு வந்த புதிய அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, திருமணம் இரு பாலாரின் சம்மதத்தில் மட்டுமே தங்கியுள்ளது எனப் பிரகடனஞ் செய்தது. அதற்கிசையத் திருத்தப்பட்ட குடியியற் சட்டம் 1948 ஜனவரி முதலாம் திகதி நடைமுறைக்கு வந்தபோது வீட்டுத் தலைமை ஒழிந்தது.

அதே 1947இல் வெளிவந்த தசாய் ஒசாமுவின் 'ஷயோ' (சாயும் ஞாயிறு) வீழ்ச்சியுற்ற பிரபுக் குடும்பமொன்றின் கதை. தாய் இறக்கிறாள், போரிலிருந்து மீண்ட மைந்தன் நவொஜி தற்கொலை செய்துகொள்கிறான், மகள் கசுகோ மட்டும், மணமாகாமலே ஒரு குழந்தையைப் பெற்று வளர்க்கத் துணிகிறாள். தந்தை பெயரற்ற அக்குழந்தையே பழைய ஒழுக்கத்துக்கு எதிரான தன் புரட்சி என அவள் கருதுகிறாள்.

கடந்தகாலத்துக்குக் கணக்குத் தீர்த்தவர் என்ச்சி ஃபுமிகோ. 1957இல் நிறைவுற்ற 'ஒன்னசக்கா' நாவலின் தொமோ, மெய்ஜிக் காலத்து உயர் உத்தியோகத்தனின் மனைவி. கணவனுக்குரிய காமக்கிழத்தியைத் தானே டோக்கியோ சென்று தெரிவு செய்துவரப் பணிக்கப்படுகிறாள். வாழ்நாள் முழுவதும் வாய் திறவாது வீட்டைக் காத்தவள், இறக்குந் தறுவாயிலே தன் உடலுக்கு ஈமக்கிரியை வேண்டாம், சினகாவாக் கடலில் எறிந்துவிடுங்கள் எனக் கணவனுக்குச் சொல்லியனுப்புகிறாள். ஆசிரியையின் தாய்வழிப் பாட்டியின் வாழ்வே இந்நாவலுக்கு அடிப்படை. பதிவேட்டின் ஒரு வரியாக மறைந்திருக்கக்கூடிய பெண்ணொருத்திக்கு நாவல் குரலளித்தது.

ஆயின் சட்டம் போனதும் வழக்கம் போய்விடவில்லை. 1972இல் அரியோஷி சவாகோ எழுதிய 'கொகொட்சு நொ ஹிதோ' பத்து இலட்சத்துக்கு மேல் விற்பனையான நாவல். மறதி நோயுற்ற மாமனாரைப் பராமரிக்கும் பொறுப்பு, தொழில் புரியும் மருமகள் அக்கிகோவின் மீது விழுகிறது. மாமனார் அவளை நெடுங்காலம் இகழ்ந்தவர். கணவனோ தந்தையின் நிலையிற் தன் முதுமையைக் கண்டு அஞ்சி ஒதுங்குகிறான். வீட்டுத் தலைவர் இல்லாத வீட்டிலும் மருமகள் இருந்தாள். முதியோர் பராமரிப்பைப் பொதுப் பிரச்சினையாக நாட்டின் முன் வைத்ததில் இந்நாவலுக்குப் பெரும் பங்குண்டு. போருக்குப் பிந்திய சட்டமும் தம்பதியர் ஒரே குடும்பப் பெயரைக் கொள்ளவேண்டும் என விதித்தது. மிகப் பெரும்பாலும் பெயர் மாற்றுபவள் மனைவியே. அவ்விதி அரசியலமைப்புக்கு முரணன்று என உச்சநீதிமன்றம் 2015இலும் 2021இலும் தீர்ப்பளித்தது.

முடிவுரை

மேற்கூறியவற்றைத் தொகுத்து நோக்கின், வீட்டுக்குள் நுழைந்தமையால் யப்பானிய நாவல் சமூகத்தைத் துறந்தது என்னும் கூற்றுத் திருத்தத்துக்குரியதாகும். அந்தரங்கத்தைக் கொட்டுவதோடு அமைந்த நாவல்கள் பல உண்டு. அவற்றுக்கு நக்கமுராவின் கண்டனம் பொருந்தும். ஆனால் அரசே வீட்டை அலகாகக் கொண்டு மனிதரை எண்ணிய நாட்டில், வீட்டின் உள்ளே நிகழ்ந்ததை உண்மையாக எழுதுதல் அரசியலை எழுதுதலாகவும் அமைந்தது. பதிவேடு பிறப்பையும் மணத்தையும் இறப்பையும் குறித்தது. மாடியறையில் ஏங்கிய புன்சோவையும், இரவில் ரிக்ஷாவில் திரும்பிய ஒசெக்கியையும், கடலில் எறியுமாறு கேட்ட தொமோவையும் குறிப்பதற்கு அதில் இடமிருக்கவில்லை. அவ்வெற்றிடத்தை நிரப்பியதே யப்பானிய நாவல் ஆற்றிய வரலாற்றுப் பணி. செர்ரி மலர்களைத் தேடிச் செல்லும் வாசகர் அவற்றையும் அந்நாவல்களிற் காண்பர். ஆயின் அம்மலர்களைப் பார்த்து நிற்பவள் யார் வீட்டுப் பெண், அங்கு வர யாரிடம் அனுமதி பெற்றாள் என்று வினவும்போதே யப்பானிய வாழ்வு அவர்களுக்குப் புலப்படத் தொடங்கும்.